நாலு பல்

என் பேரன் பெங்களூரில் எட்டாம் வகுப்பு படிக்கிறான். மே மாத விடுமுறைக்குக் காரிமங்கலம் வந்தவன், ஒரு கையில் மாம்பழமும் மறு கையில் தலையணை கனத்துக்கு ஒரு இங்கிலீஷ் கதைப் புத்தகமுமாகத் திண்ணையிலேயே கிடந்தான். டிராகன்களும் மந்திரவாதிகளும் வாழ்கிற ஏதோ ஒரு கற்பனை நாட்டுக் கதை. ஒரு நாள் மத்தியானம் திடீரென்று நிமிர்ந்து கேட்டான்.

"தாத்தா, இந்த நாட்டுல மேப் போடறவங்களுக்குன்னு ஒரு சங்கம் இருக்கு. அதுல சேரணும்னா புதுசா வர்ற பையனைக் கண்ணைக் கட்டிக் காட்டுக்கு நடுவுல விட்டுடுவாங்க. அவன் வழியை மேப்பாப் போட்டுக்கிட்டே வெளிய வரணும். அப்பத்தான் அவன் கையில மைக்கூட்டைக் குடுப்பாங்க. நீங்களும் மேப் போட்ட ஆள்தானே? உங்களுக்கு இப்படி ஏதாவது செஞ்சாங்களா?"

"எங்களுக்கு ஏதுடா காடு? ஆர்டர் வந்துச்சு, போய் ஜாயின் பண்ணேன்" என்று சிரித்துச் சமாளித்துவிட்டேன்.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. எனக்கும் ஒன்று நடந்தது. காட்டில் இல்லை, ஒரு புளியமரத்தடியில். ஐம்பது வருஷமாக வீட்டில் யாரிடமும் சொல்லாததை இப்போது எழுதி வைக்கிறேன்.

1974-இல் நான் நில அளவைத் துறையில் சேர்ந்தேன். இருபது வயது. தர்மபுரி, சேலத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டமாகி ஒன்பது வருஷம்தான் ஆகியிருந்தது. காரிமங்கலம் அப்போது தனி தாலுக்கா ஆகவில்லை. ஊருக்கு ஊர் கர்ணம் இருந்த காலம். பயிற்சிக்கு என்னை ஒரு மூத்த சர்வேயரிடம் விட்டார்கள். பெயர் வேண்டாம். காக்கி அரைக்கால் சட்டை, கறுப்புக் குடை, மூக்குப்பொடி டப்பா. இந்த மூன்றும் இல்லாமல் அவரைப் பார்த்ததில்லை.

முதல் நாள் அவர் செய்த முதல் காரியம், என் சட்டைப் பையிலிருந்த பென்சிலை வாங்கி, அதன் முனையில் இருந்த ரப்பரைப் பேனாக்கத்தியால் அறுத்து எறிந்தது. "ஃபீல்டு புக்ல பென்சில் உண்டு, ரப்பர் கிடையாது. தப்பா எழுதினா ஒரு கோடு போட்டு அடி. அடிச்சது படிக்கிற மாதிரி இருக்கணும். பக்கத்துல சரியான அளவை எழுதிக் கையெழுத்துப் போடு" என்றார். புதுப் பென்சில் போயிற்றே என்ற வருத்தம்தான் எனக்கு அப்போது இருந்தது.

அடுத்த ஒரு மாதம் எனக்குச் சங்கிலி மட்டும்தான். இந்தக் காலத்துப் பிள்ளைகள் அதைப் பார்த்திருக்க மாட்டார்கள், கொஞ்சம் சொல்கிறேன். எட்மண்ட் கண்டர் என்கிற ஆங்கிலேயப் பாதிரியார், கணக்கில் புலி, 1620 வாக்கில் கண்டுபிடித்த சங்கிலி அது. நீளம் 66 அடி. அதில் 100 கண்ணி. எங்கள் பேச்சில் லிங்க். ஒரு லிங்க் 7.92 அங்குலம். இதென்ன கோணல் கணக்கு என்று தோன்றும். ஆனால் பத்துச் சதுரச் சங்கிலி சேர்ந்தால் சரியாக ஒரு ஏக்கர். ஆயிரம் சதுர லிங்க் சேர்ந்தால் ஒரு சென்ட். பெருக்கிப் புள்ளியை நகர்த்தினால் பரப்பு வந்துவிடும். வெயிலில் நின்று கணக்குப் போடுகிறவனுக்கு இதைவிட வசதி கிடையாது.

நூறு லிங்கையும் ஒவ்வொன்றாக எண்ண முடியாதே? அதற்காகப் பத்துப் பத்து லிங்குக்கு ஒரு பித்தளை வில்லை தொங்கும். பத்தில் ஒரு பல், இருபதில் இரண்டு பல், முப்பதில் மூன்று, நாற்பதில் நாலு. நட்டநடுவில் ஐம்பதில் வட்ட வில்லை. அதற்கப்புறம் ஐந்து பல், ஆறு பல் என்று போகாது. சங்கிலியை எந்த முனையிலிருந்தும் பிடித்து அளக்கலாம் என்பதற்காக, மறு முனையிலிருந்தும் அதே வரிசைதான். ஆகவே நாற்பதிலும் நாலு பல், அறுபதிலும் நாலு பல். முப்பதிலும் மூன்று, எழுபதிலும் மூன்று. பார்க்கிறவன் வட்ட வில்லை தனக்கு முன்னால் இருக்கிறதா, பின்னால் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்ல வேண்டும். "வட்டத்தைப் பார்க்காம வாயைத் திறக்காதே" என்று பெரியவர் ஒரு நாளைக்குப் பத்துத் தடவை சொல்வார்.

இந்த வேலைக்கு எங்கள் மண்ணில் ஒரு பழைய சம்பந்தம் உண்டு. அதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். 1792-இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி திப்பு சுல்தானிடமிருந்து பாராமகால் கம்பெனி கைக்குப் போனது. கேப்டன் அலெக்சாண்டர் ரீடும், அவருக்குக் கீழே மன்றோ, கிரகாம், மெக்லியோடும் வந்து வயல் வயலாக அளக்க ஆரம்பித்தார்கள். ரயத்துவாரி முறை பிறந்தது இங்கேதான். தாமஸ் மன்றோ தர்மபுரியில் இருந்தார். பிறகு 1800-இல் கடப்பா, பெல்லாரிச் சீமைக்குப் போன மன்றோ, 1802-இல் அங்கே நில அளவை தொடங்கியபோது, அந்தப் பெரிய சீமையில் நிலம் அளக்கத் தெரிந்தவர்களாக இருந்தது நாலே பேர். நாலு பேரும் பாராமகாலிலிருந்து போன குமாஸ்தாக்கள். அவர்கள் உள்ளூர் ஆட்களைப் பழக்க, அடுத்த வருஷத்துக்குள் நூறு பேர் ஆனார்கள். அந்த நாலு பேரின் பெயரைத் தேடிப் பார்த்தேன், எனக்குக் கிடைக்கவில்லை. அவர்களும் ஏதாவது புஞ்சை வரப்பில் யாரிடமாவது திட்டு வாங்கித்தான் கற்றிருப்பார்கள்.

நான் வாங்கிய கதைக்கு வருகிறேன்.

காரிமங்கலத்துக்குக் கிழக்கே ஒரு ஊர். அந்தக் குடும்பங்கள் இன்னும் அங்கேதான் இருக்கின்றன, அதனால் ஊர்ப் பெயரை விட்டுவிடுகிறேன். ஒரே சர்வே நம்பரில் அண்ணன் தம்பி இரண்டு பேருக்குப் பாகம். அண்ணன் இறந்துவிட்டார். அவர் சம்சாரம் ஒரு பக்கம், கொழுந்தன் ஒரு பக்கம். பாகம் பிரித்தபோது ஊர்ப் பெரியவர்கள் சேர்ந்து வரப்பில் மூன்று கல் நட்டிருந்தார்கள். அதை அளந்து உட்பிரிவு செய்து புலப்படத்தில் ஏற்ற வேண்டும். சின்ன வேலை. "நீ எழுது, நான் பக்கத்து நம்பரைப் பார்க்கிறேன்" என்று பெரியவர் என்னிடம் விட்டுவிட்டுப் போனார். முதல் முதலாக ஃபீல்டு புக் என் கையில்.

முதல் கல்லுக்கும் மூன்றாவது கல்லுக்கும் நேர்கோடு 260 லிங்க். நடுக்கல் அந்தக் கோட்டில் இல்லை. கொழுந்தன் பக்கமாக வெளியே தள்ளி ஒரு முடக்கில் இருந்தது. அந்த முடக்குக்குள், அந்த அம்மா பக்கத்தில், ஒரு புளியமரம். நல்ல காய்ப்பு. வருஷா வருஷம் மரத்தைக் குத்தகைக்கு விட்டுத்தான் இரண்டு பெண் பிள்ளைகளுக்குத் துணிமணி எடுப்பதாகச் சொன்னார்.

"தம்பி, மரம் என் பக்கந்தானே வரும்?" என்று வந்ததும் கேட்டார்.

"கல்லு நட்டிருக்கே அம்மா. கல்லு எங்க இருக்கோ அங்கதான் எழுதுவோம். கவலைப்படாதீங்க" என்றேன். இருபது வயசுப் பையனுக்கு இப்படி யாராவது கேட்டால் ஒரு மிடுக்கு வந்துவிடுகிறது.

சங்கிலியைப் போட்டோம். கிராஸ் ஸ்டாஃபை வைத்து நடுக்கல்லுக்குச் செங்குத்து பார்த்தேன். காலடியில் வில்லை. நாலு பல். எழுதினேன்: 60. அங்கிருந்து கல்லுக்கு 50 லிங்க். அதையும் எழுதினேன். வட்ட வில்லை எந்தப் பக்கம் என்று பார்க்கவில்லை. பிறகு, பொழுது சாயும் நேரத்தில், சரிபார்ப்புக்காக முதல் கல்லிலிருந்து நடுக்கல்லுக்கு நேராகச் சங்கிலி பிடித்தோம். 64 வந்தது. குறித்துக்கொண்டேன். போகிற வழியில் கர்ணம் கேட்டார் என்று அளவுகளை ஒரு துண்டுச் சீட்டில் எழுதிக் கொடுத்தேன்.

அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில்தான் ஜாகை. ராத்திரி லாந்தர் வெளிச்சத்தில் படம் போட்டேன். 60-க்கு ஒரு புள்ளி, அங்கிருந்து செங்குத்தாக 50. முதல் கல்லிலிருந்து அளந்து பார்த்தால் 78 காட்டுகிறது. கையில் இருப்பது 64. மறுபடி போட்டேன். மறுபடியும் 78. இருட்டுகிற நேரத்தில் செயின்மேன் எதையோ சரியாகப் பிடிக்கவில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பெஞ்சுக்கு அடியில் எந்தப் பிள்ளையோ விட்டுப்போன ஒரு ரப்பர்த் துண்டு கிடந்தது. எடுத்தேன். 64-ஐ அழித்தேன். 78 என்று எழுதினேன். படம் அச்சாகப் பொருந்தியது. நிம்மதியாகத் தூங்கினேன்.

விடியற்காலை கண் விழித்தபோது பெரியவர் லாந்தரை ஏற்றி வைத்துக்கொண்டு, ஃபீல்டு புக்கின் அந்தத் தாளை வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார். அழித்த இடம் மெல்லிசாக, பளிச்சென்று தெரிந்தது.

"இங்க என்ன இருந்துச்சு?"

"64, சார்."

அடிப்பார் என்று நினைத்தேன். பொடியைப் போட்டுக்கொண்டு மெதுவாகத்தான் பேசினார். "படம் தப்பா இருந்தா அளவை வெச்சுத் திருத்தலாம். அளவையே அழிச்சிட்டா எதை வெச்சுத் திருத்துவ?"

நான் கொஞ்சம் தைரியம் வரவழைத்துக்கொண்டு, "பரப்பு சரியாத்தான் சார் வருது. ஒரு சென்ட் கூடக் குறையல" என்றேன். உண்மையில் குறையவில்லைதான். 260-ஐ 50-ஆல் பெருக்கிப் பாதி போட்டால் அந்த முடக்கு ஆறரை சென்ட். நடுக்கல் நாற்பதுக்கு நேரே இருந்தாலும் ஆறரை, அறுபதுக்கு நேரே இருந்தாலும் ஆறரை. அடிக்கோடும் உயரமும் மாறாத முக்கோணம்.

"பரப்பு மாறல. மரம்?" என்றார்.

அப்போதுதான் படத்தைப் பார்த்தேன். முனை இருபது லிங்க், பதிமூன்று அடி, நகர்ந்துவிட்டது. அந்த அம்மாவுக்கு ஒரு பக்கம் போனது இன்னொரு பக்கம் வந்துவிட்டது, கணக்கில் நஷ்டமே இல்லை. ஆனால் போன பக்கத்தில்தான் புளியமரம் நின்றது.

"இன்னிக்குக் கல்லு இருக்கு. பத்து வருஷம் கழிச்சு ஏர் ஓட்டறப்ப கல்லு பேர்ந்து போனா, இல்ல யாராவது பேர்த்துட்டா, அப்ப வர்ற சர்வேயர் உன் படத்தைப் பார்த்துத்தான் கல்லு நடுவான். நீ இருக்க மாட்ட. நானும் இருக்க மாட்டேன். இந்தத் தாளுதான் பேசும்." சங்கிலியைத் தூக்கி என் தோளில் போட்டார். "வா. நீயே போய்ச் சொல்லு."

போகிற வழியெல்லாம் அவர் பேசவே இல்லை. தூரத்தில் அருணேஸ்வரர் மலைக்கோயில் தெரிந்தது. கர்ணத்தின் சீட்டு அதற்குள் கொழுந்தன் கைக்குப் போயிருந்தது. படித்தவர். அறுபது என்றால் முனை எங்கே வரும் என்று ராத்திரியே காலால் அளந்து பார்த்திருக்கிறார். மரத்தடியில் ஏழெட்டுப் பேர் கூடியிருந்தார்கள். அந்த அம்மா முகம் வெளுத்து நின்றார்.

பெரியவர் குடையை ஊன்றிக்கொண்டு ஓரமாக உட்கார்ந்துவிட்டார். நான் நடுவில் நின்றேன்.

"நேத்து நான் தப்பா எழுதிட்டேன். 40-ஐ 60-னு படிச்சிட்டேன்" என்றேன். அழித்ததைச் சொல்லவில்லை. பெரியவர் தலையைத் தூக்கிப் பார்த்தார். "ராத்திரி ஒரு அளவை அழிச்சும் எழுதினேன்" என்றேன்.

அந்த அம்மா என்னைப் புரிந்துகொண்டு, போகட்டும் தம்பி என்று சொல்லுவார் என்று உள்ளுக்குள் எதிர்பார்த்திருந்தேன் போல. அவர் சொன்னது வேறு. "நேத்து கவலைப்படாதேன்னு சொன்னதும் நீதான். ராத்திரி அழிச்சதும் நீதான். இன்னிக்கு நாப்பதுன்னு சொல்றதும் நீதான். நான் எதைத் தம்பி நம்பறது?"

கொழுந்தன் விட்டுக்கொடுக்கவில்லை. "சர்வேயர் எழுதினது எழுதினதுதான். இந்தம்மா காசு குடுத்திருக்கும், அதான் மாத்தறாங்க" என்றார். இரண்டு பக்கமும் நான் பொய்யனாகிவிட்டேன். அந்த நிமிஷம் பூமி பிளந்து உள்ளே போயிருந்தால் நிம்மதியாகப் போயிருப்பேன்.

பெரியவர் எழுந்து வந்தார். சங்கிலியின் ஒரு பிடியை அந்த அம்மா கையில் கொடுத்தார். "நீங்க முதல் கல்லுல பிடிங்கம்மா." மறு பிடியைக் கொழுந்தன் கையில் கொடுத்தார். "நீங்க அந்தக் கல்லைப் பார்த்து இழுங்க." இரண்டு பேரும் யோசித்தார்கள், அப்புறம் பிடித்தார்கள். ஒரு வீட்டில் வாழ்ந்தவர்கள், பல வருஷமாகப் பேசாதவர்கள், ஒரு சங்கிலியின் இரண்டு முனையில். நான் கிராஸ் ஸ்டாஃபை வைத்தேன். நடுக்கல் நேரே வந்தது. பெரியவர் கூட்டத்தில் இருந்த ஒரு பையனைக் கூப்பிட்டு, "இங்க என்ன தொங்குது பாரு" என்றார்.

"பித்தளை. நாலு பல்லு."

"வட்டமா ஒண்ணு தொங்குமே, அது எங்க?"

"அதோ, அந்தப் பக்கம். சித்தப்பா பக்கமா."

"அப்ப இந்தம்மா கையிலேர்ந்து எண்ணிட்டு வா."

பையன் குனிந்து ஒவ்வொரு கண்ணியாகத் தொட்டு எண்ணிக்கொண்டே வந்தான். கூட்டமும் கூடவே முனகி எண்ணியது. நாற்பது. அதற்குமேல் கொழுந்தன் ஒன்றும் பேசவில்லை. சங்கிலியை மட்டும் தொப்பென்று கீழே போட்டார்.

பெரியவர் ஃபீல்டு புக்கையும் தன்னுடைய மைப்பேனாவையும் என்னிடம் நீட்டினார். 60-க்கு மேல் ஒரு கோடு. பக்கத்தில் 40. 78-க்கு மேல் ஒரு கோடு. பக்கத்தில் 64. இரண்டு இடத்திலும் என் கையெழுத்து. கை நடுங்கியது. மை காய்கிற வரை எல்லோரும் சுற்றி நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்த அம்மா எட்டிப் பார்த்துவிட்டு, ஒரு வார்த்தை சொல்லாமல் வீட்டுக்குப் போனார். மோர் கொண்டுவரப் போகிறார் என்று நினைத்தேன். வரவில்லை.

திரும்பும்போது சங்கிலியைச் செயின்மேன் வாங்க வந்தார். பெரியவர், "சர்வேயர்கிட்ட இருக்கட்டும். அவரே கொண்டு வரட்டும்" என்றார். அதுவரை என்னைப் 'பையா' என்றுதான் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

அதற்கப்புறம் முப்பத்தெட்டு வருஷம் சர்வீஸ். 1979-இல் தொடங்கிய நில உடைமை மேம்பாட்டுத் திட்டம், யூ.டி.ஆர். என்றால்தான் பலருக்குத் தெரியும், அதில் ஊர் ஊராக அலைந்தேன். லிங்க் போய் மீட்டர் வந்தது. தப்பு செய்யாமல் இருந்தேன் என்று சொல்ல மாட்டேன். அழித்ததில்லை.

மறுநாள் காலையில் பேரனிடம் சில கதைகள் சொன்னேன். நிஜமான ஆட்களின் கதை. 1802-இல் பரங்கிமலைப் பக்கம் ஏழரை மைல் அடிக்கோட்டை அளந்து இந்தியாவின் பெரிய முக்கோண அளவையைத் தொடங்கிய லாம்ப்டன், 1808-இல் தஞ்சைப் பெரிய கோயில் கோபுரத்தில் அரை டன் கனமுள்ள தியோடலைட்டை ஏற்றும்போது கயிறு அறுந்து அது மோதி நசுங்கிவிட்டது. அவர் அதைப் பிரித்துப் போட்டு, ஆறு வாரம் உட்கார்ந்து தன் கையாலேயே நிமிர்த்தினார். அப்புறம் நயின் சிங். குமாவுன் மலைப்பக்கத்துப் பள்ளி வாத்தியார். அந்நியர் நுழைய முடியாத திபெத்தை ரகசியமாக அளக்க, ஏற்றத்திலும் இறக்கத்திலும் காலடி ஒரே அளவாக விழும்படி டேராடூனில் அவரைப் பழக்கினார்கள். யாத்திரைக்காரர் வேஷம். ஜபமாலையில் 108 மணிக்குப் பதில் 100 மணி. நூறு அடிக்கு ஒரு மணியை உருட்டுவார்.

"இது சூப்பர் தாத்தா. கதையில வர்றதைவிட நல்லாருக்கு. உங்களுக்கு?" என்றான் விடாமல்.

சொன்னேன். காலண்டர் தாளின் பின்புறம் முக்கோணம் போட்டுக் காட்டினேன். அவனே பரப்பைப் போட்டான். "ரெண்டும் ஒண்ணுதானே தாத்தா, ஆறரை சென்ட். கணக்கு டீச்சர் ஃபுல் மார்க் குடுத்துடுவாங்க" என்றான். மரத்தின் இடத்தில் ஒரு புள்ளி வைத்தேன். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தான்.

சாயங்காலம் ஸ்கூட்டரில் அவனைக் கூட்டிக்கொண்டு போனேன். புளியமரம் இல்லை. தென்னை வைத்திருக்கிறார்கள். நடுக்கல் மட்டும் வேலியோரம் மண்ணில் பாதி புதைந்து, தலை தேய்ந்து நின்றது. பேரன் கல்லின் மேல் ஒரு காலை வைத்துக்கொண்டு செல்போனில் மேப்பைத் திறந்தான். இப்போது துறையில் செயற்கைக்கோள் கருவிகளால் சென்டிமீட்டர் கணக்கில் அளக்கிறார்கள். ஆனால் சாதாரண செல்போனுக்கு நாலைந்து மீட்டர் முன்னே பின்னே இருக்கும்.

"தாத்தா, நான் கல்லு மேலேயே நிக்கறேன். நீலப் புள்ளி அந்தத் தோட்டத்துக்குள்ள காட்டுது. பதிமூணு அடி இருக்குமா?"

"இருக்கும்" என்றேன்.

"அப்ப எது சரி?"

கல்லைச் சுற்றி இருந்த மண்ணைக் கையால் விலக்கிவிட்டு, வண்டியை எடுத்தேன்.